பிலோமியும் ரிஃப்ராக்டரி என்ற சொல்லும்

என் அன்புக் கூட்டாளி பிலோமினாவுக்கு, உன்னோடு ஒரே சூளையில் வெந்தவள் எழுதுவது.

நலமா என்று உன்னைக் கேட்க முடியாது. நான் நலம். முழங்கால்தான் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. வருகிற சனிக்கிழமை உனக்கு முதலாமாண்டுத் திருப்பலி. அதற்குப் போடுகிற நினைவு மலரில் நானும் ஒரு பக்கம் எழுத வேண்டும் என்று உன் மகள் ஸ்டெல்லா கேட்டாள். ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவள் எழுதுகிறேன். எழுத்துப் பிழையை என் பேத்தி மலர் பார்த்துக்கொள்வாள். விஷயத்தில் கை வைக்கக் கூடாது என்று அவளிடம் சொல்லியிருக்கிறேன்.

ஸ்டெல்லா கேட்டாளா, அவளோடுதான் நீ பேசுவதில்லையே என்பாய். ஆமாம், பேசவில்லை. உன்னை அடக்கம் செய்த நாளிலிருந்து போன ஞாயிற்றுக்கிழமை வரைக்கும் அவள் முகத்தை ஏறிட்டுப் பார்க்கவில்லை. பாலக்கரை பஸ் நிறுத்தத்தில் ஒருமுறை எதிரே வந்தாள். நான் வேறு பஸ்ஸில் ஏறி, போக வேண்டாத ஊருக்குப் போய்த் திரும்பினேன். உன் பூசைக்குப் போவதா வேண்டாமா என்பதுதான் அதுவரைக்கும் என் கவலையாக இருந்தது.

காரணம் உனக்குத் தெரியும். எனக்குத்தான் தெரியாமல் இருந்தது.

பாண்டி ஆஸ்பத்திரியில் உன்னைச் சேர்த்திருக்கிறார்கள் என்று கேட்டதும் பஸ் ஏறினேன். உட்கார இடமில்லை, நெய்வேலி வரைக்கும் நின்றுகொண்டே வந்தேன். தூக்குச்சட்டியில் முதல்நாள் வைத்துச் சுண்ட விட்ட மீன்குழம்பு. அந்த வயிற்றுக்கு அது ஆகாது என்று தெரியும். வாசனையாவது பிடிக்கட்டும் என்றுதான் கொண்டு வந்தேன். உன் அறை வாசலில் ஸ்டெல்லா நின்றாள்.

“சின்னம்மா, இப்ப உள்ள போவ வேணாம்.”

“ஏன்டி, நான் என்ன அசலூர்க்காரியா?”

“ஒடம்பு பூரா தண்ணி கோத்துக்கிச்சு சின்னம்மா. எந்த மருந்துக்கும் வத்தல. ரிஃப்ராக்டரின்னு டாக்டரு சொல்லிட்டாரு. கொஞ்சம் ஓய்வா இருக்கட்டும்.”

பேசி முடிக்கும் வரைக்கும் கதவுப் பிடியிலிருந்து அவள் கையை எடுக்கவில்லை. அந்தக் கையை நான் மறக்கவில்லை. உள்ளே நீ இருமினாய். அது உன் இருமல்தான், எந்தக் கூட்டத்திலும் எனக்குத் தெரியும். வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்து அறைக்காரியின் அக்காள் சோறு மட்டும் வைத்துக்கொண்டு விழித்தாள், குழம்பை அவளுக்குக் கொடுத்தேன். நல்லா இருக்குதுங்க என்றாள். அதுகூட எனக்கு ஆறுதலாக இல்லை.

அதன் பிறகு நீ ஊருக்குப் பெட்டியில்தான் வந்தாய்.

எனக்கு இரண்டு கோபம். ஒன்று, கதவு. இன்னொன்று அந்தச் சொல். ஸ்டெல்லா நர்ஸுக்குப் படித்தவள்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ரிஃப்ராக்டரி என்பது நம் சொல் அல்லவா பிலோமி? அவள் தொட்டிலில் கிடந்தபோதே நாம் பேசிய சொல். அதை எடுத்து உன் மேல் ஒட்டி, அதைக் காட்டியே என்னை வெளியே நிறுத்துவதா?

அது நம் கம்பெனிக்கு வந்த நாள் உனக்கு மறந்திருக்காது. பீங்கான் பியூஸ் கட்டை வேகவைக்கிற பழைய சூளையைப் பிரித்துவிட்டுப் புதுசு கட்டினார்கள். லாரியில் வெளுத்த மஞ்சளாகச் செங்கல் வந்து இறங்கியது. நாம் தலையில் சும்மாடு வைத்துச் சுமந்தோம். சூப்பர்வைசர் கத்தினார்.

“எம்மா, மெல்ல வைங்க! அது வூடு கட்ற கல்லு இல்ல. ரிஃப்ராக்டரி!”

“அப்டின்னா என்னங்க, கெணறு கட்றதா?” என்று நீ கேட்டாய்.

“எவ்ளோ நெருப்பு போட்டாலும் உருகாதும்மா. உள்ள இருக்கற சாமானெல்லாம் வெந்து மாறிடும், இது மட்டும் வச்சது வச்சபடி நிக்கும்.”

நீ என் பக்கம் திரும்பிச் சத்தமில்லாமல் சொன்னாய்: “எங்க மாமியார இவருக்கு எப்படிடீ தெரியும்?”

அன்றிலிருந்து உன் மாமியாருக்கு அதுதான் பெயர். “ரிஃப்ராக்டரி கருவேப்பிலங்குறிச்சிக்கு மவ வூட்டுக்குப் போயிருக்குது” என்று நீ சொன்னால் அன்றைக்கு நாம் மதியக் காட்சி சினிமாவுக்குப் போகிறோம் என்று அர்த்தம். அந்த அம்மாளும் சாகும் வரைக்கும், ஏதோ இங்கிலீஷில் மரியாதையாகச் சொல்கிறார்கள் என்றே நினைத்துக்கொண்டிருந்தாள்.

ஸ்டெல்லாவிடம் கேட்கக் கூடாது என்று ஆன பிறகு, அந்தச் சொல்லுக்கு வேறு என்னென்ன வேலை இருக்கிறது என்று ஊரெல்லாம் கேட்டேன். நம் ஊர் மருந்துக்கடையில் கேட்டால் அவள் காதுக்குப் போய்விடும். அதனால் மங்கலம்பேட்டைக்குப் போய் ஒரு கடை பாயிடம் கேட்டேன்.

“பாய், ரிஃப்ராக்டரின்னா இன்னா?”

“மருந்துக்கு அடங்காத நோயிக்கு அப்டி எழுதுவாங்கம்மா. யாருக்கு?”

“யாருக்கும் இல்ல. ஒரு கல்லுக்கு.”

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “அம்மா, பிரஷர் மாத்திரைய மட்டும் வுட்றாதீங்க” என்று அனுப்பிவைத்தார்.

பஸ்ஸில் வரும்போது யோசித்தேன். மருந்து தோற்றுப் போனதை நோயின் குணமாகச் சொல்கிறார்கள். இது என்ன நியாயம்? மட்டமான மண் மூட்டை வந்து சாமான் விரிசல் விட்டால், நாம் சூளை பிடிவாதக்காரி என்றா சொன்னோம்? உனக்குக் கொடுத்த மருந்துக்கு ஒரு கெட்ட பெயரும் இல்லை. பெயரெல்லாம் உன் உடம்புக்குத்தான்.

பிறகு மலரிடம் கேட்டேன். அவள் போனைத் தேய்த்துப் படித்தாள்.

“ஆயா, மனுசங்களுக்கும் சொல்றாங்க. சொன்ன பேச்சு கேக்காதவங்க, அடம் புடிக்கறவங்க. முரண்டு பண்ற குதிரைக்குக்கூட சொல்லுவாங்களாம்.”

“யாரு சொன்னது?”

“டிக்‌ஷனரி.”

“அதுல எம் போட்டோ போட்டிருக்கானா?”

“போட்டோ இல்ல. ஆனா நீ ஸ்டெல்லா அத்தையோட பேசாத கதைய கேட்டுட்டு எழுதுனாப்புல இருக்குது.”

அன்றைக்கு அவளுக்குத் தோசைக்குச் சட்னி கிடையாது. வெறும் பொடிதான். வாய் மட்டும் அடங்கவில்லை, தின்றுகொண்டே மேலே படித்தாள். தங்கம் உள்ளே இருந்தும் லேசில் விடாத பாறைக்கும் அந்தச் சொல்தானாம். எல்லாவற்றுக்கும் முன்னால் அது மனிதருக்குத்தான் இருந்ததாம், கல்லுக்கு அப்புறம்தான் வந்ததாம். உனக்குச் சொல்ல வேண்டும் என்று அப்போதே நினைத்தேன். நாம் கல்லில் ஆரம்பித்து உன் மாமியாரிடம் போய்ச் சேர்ந்தோம். வெள்ளைக்காரன் அவன் மாமியாரிடம் ஆரம்பித்துக் கல்லுக்குப் போயிருக்கிறான். இதைக் கேட்டால் நீ எப்படிச் சிரிப்பாய் என்று எனக்குத் தெரியும். வேறு யாரிடமும் சொல்லவில்லை.

போன ஞாயிறு கோயில் முடிந்து ஸ்டெல்லா வீட்டுக்கே வந்துவிட்டாள். நான் உட்காரச் சொல்லவில்லை. மலர்தான் நாற்காலியை இழுத்துப் போட்டாள். தண்ணீரும் அவள்தான் கொடுத்தாள்.

“சின்னம்மா, பூசைக்கு வரணும்.”

“வந்தா உள்ள வுடுவியா?”

அவள் தம்ளரைக் கீழே வைத்தாள். “கதவ நானா சாத்தல சின்னம்மா. அம்மா சாத்தச் சொன்னாங்க.”

“செத்தவ மேல பழிய போடாத.”

“ஒரு வருசமா நான்தான சொமக்கறேன்? இனிமே முடியல. நீங்க பஸ் ஏறிட்டீங்கன்னு மலரு போன் பண்ணிச்சு. அம்மாகிட்ட சொன்னேன். ‘உள்ள வுடாதடீ, அவ மொகத்த நான் பாக்க மாட்டேன்’னாங்க.”

“எம் மொகத்துக்கு என்னாவாம்?”

“‘அஞ்சலைக்கு மறைக்கத் தெரியாது. சூளை தெறக்கறப்ப அவ மொகத்த வச்சித்தான் உள்ள என்னான்னு தெரிஞ்சிக்குவேன். இப்ப எனக்குத் தெரிய வேணாம்’னாங்க. ‘கோச்சிக்குவா, அந்தக் கோவத்த நீயே வாங்கிக்க’ன்னும் சொன்னாங்க.”

இதைப் படிக்கிற மற்றவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். எங்கள் கம்பெனியில் சாமானை அடுக்கியவள் சூளையைத் திறக்க மாட்டாள். அடுக்கியவள் கண் முதலில் பட்டால் விரிசல் விடும் என்று ஒரு பேச்சு. யார் ஆரம்பித்ததோ தெரியாது, முதலாளியும் அதை மீறியதில்லை. பிலோமி அடுக்குவாள், நான் திறப்பேன். சூடு ஆறின பிறகு வாசல் கல்லை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு நான் தலையை உள்ளே நீட்டுவேன். அவள் எட்ட நிற்பாள். நான் திரும்பினால் போதும், என் முகத்தை ஒரு பார்வை பார்ப்பாள். “போச்சா?” என்பாள், அல்லது முந்தானையை உதறிக்கொண்டு டீ குடிக்கப் போய்விடுவாள். அத்தனை வருஷத்தில் நான் வாய் திறந்து சொல்ல அவள் விட்டதே இல்லை.

ஆகவே ஸ்டெல்லா சொன்னது பொய்யாக இருக்க முடியாது பிலோமி. அது உன் பேச்சு. அந்தப் பிள்ளைக்குக் கற்பனையாகச் சொல்ல வராது.

எனக்கு அழுகை வரவில்லை. யார் மேல் கோபப்படுவது என்று ஒரு நிமிஷம் தெரியவில்லை, அவ்வளவுதான்.

ஸ்டெல்லா போனை எடுத்தாள். “கடசியா எடுத்த போட்டோ ஒண்ணு இருக்குது சின்னம்மா. யாருக்கும் காட்டல. பாக்கறீங்களா?”

யோசித்தேன். நீ வேண்டாம் என்றது என் முகத்தை நீ பார்ப்பதைத்தான். உன் முகத்தை நான் பார்க்கக் கூடாது என்று நீ சொல்லவில்லை. வாங்கிப் பார்த்தேன். கன்னம் வீங்கி ஏறிக் கண்ணை மூடியிருந்தது. கழுத்து எங்கே முடிகிறது என்று தெரியவில்லை. சூளைத் தட்டு இடித்துப் புருவத்தில் வந்த தழும்பு இருந்தது. அதை வைத்துத்தான் உன்னை அடையாளம் கண்டேன்.

தலையை நிமிர்த்தினால் ஸ்டெல்லா என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். உன் மகள் அல்லவா?

“வெறும் வீக்கம்தான். நல்லாத்தான் இருக்கா” என்றேன்.

அந்த நேரத்தில் என் முகம் எப்படி இருந்தது என்று நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. தம்ளரில் மீதியிருந்த தண்ணீரைக் குடித்தாள். சாப்பிட்டுவிட்டுப் போ என்றேன். கருவாட்டுக் குழம்பு இருந்தது, இரண்டு முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள். உன்னைப் போலவே கத்தரிக்காயை ஒதுக்கினாள்.

போகும்போது செருப்பை மாட்டிக்கொண்டு நின்றாள். நான் கேட்டேன்.

“அந்தச் சொல்லுக்கு ஆஸ்பத்திரில வேற அர்த்தம் ஏதாவது இருக்குதா?”

“எந்தச் சொல்லு, ரிஃப்ராக்டரியா? இருக்குது சின்னம்மா. நெஞ்சு ஒரு அடி அடிச்சதும், அடுத்த அடிக்கு முன்ன கொஞ்ச நேரம் எதுக்கும் அசையாது. யாரு தூண்டுனாலும் கேக்காது. அந்த நேரத்தையும் அப்டித்தான் சொல்வாங்க. அது இல்லன்னா உள்ள ரத்தம் நெறைய வழியில்ல.”

“எவ்ளோ நேரம்?”

“கண்ண மூடித் தெறக்கறதுக்குள்ள முடிஞ்சிடும்.”

“எனக்கு ஒரு வருசம் ஆயிடிச்சு” என்றேன்.

அவள் சிரித்தாள். நானும் சிரித்தேன் என்று மலர் சொல்கிறாள். எனக்கு ஞாபகம் இல்லை, ஞாபகமில்லை என்று நான் சொல்வது அபூர்வம் என்று உனக்குத் தெரியும்.

ஆக, பூசைக்கு வருகிறேன் பிலோமி. ஸ்டெல்லா பக்கத்தில் முன் வரிசையில் எனக்கு நாற்காலி. உங்கள் சாமிக்கு நான் எப்போது எழுந்து நிற்க வேண்டும், எப்போது உட்கார வேண்டும் என்று அவள் கையைத் தொட்டுச் சொல்வாளாம். வழக்கமாக அதைச் செய்கிறவள் நீ. முடிந்ததும் பந்தியில் உட்கார்ந்து சாப்பிடுவேன். பந்திக்கு ஆட்களைக் கூப்பிடுகிற வேலையையும் என்னிடமே கொடுத்திருக்கிறாள்.

ஆனால் ஒன்று. உன் மகளோடு நான் ஒரு வருஷம் பேசாமல் இருந்தேன். அது உனக்குச் சேர வேண்டியது. நீ அதை அந்தப் பிள்ளை தலையில் கட்டிவிட்டு நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொண்டாய். எதிரே இருந்து சண்டை போட எனக்கு ஒரு வாய்ப்புக்கூடக் கொடுக்கவில்லை. உன்னிடமிருந்து நான் கடைசியாகக் கேட்டது கதவுக்குப் பின்னாலிருந்து ஓர் இருமல். அது போதும் என்று உனக்கு எப்படித் தோன்றியது?

வாக்குக் கொடுக்கிறேன், எல்லோரும் படிக்கும்படி. இந்தப் பூசை முடிந்து அடுத்த வருஷப் பூசை வரும் வரைக்கும் உன்னோடு ஒரு வார்த்தை பேச மாட்டேன். கல்லறைத் திருநாளுக்கு வருவேன். கல்லைக் கழுவுவேன், மெழுகுவத்தி ஏற்றுவேன், காற்றில் அணைந்தால் மறுபடியும் ஏற்றுவேன். இருட்டும் வரைக்கும் உட்கார்ந்தும் இருப்பேன். வாயை மட்டும் திறக்க மாட்டேன். எனக்கு என்ன என்று தெரிய வேண்டுமானால், என் முகத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்.

உன் மகளுக்குச் சின்னம்மா,
அஞ்சலை