அப்பாவின் குடுமி

அம்மாவுக்கு நுயியின் வணக்கம். அப்பா இன்னும் குடுமி வைத்திருப்பதை அன்று ஆலை அதிகாரி மிசாவாவிடம் நான் சொல்லவில்லை. உங்கள் இருமல் தணிந்ததா? நான் நலம்.

எங்கள் பட்டு ஆலைக்குச் சக்கரவர்த்தி வந்தார். முந்தைய நாள் முன்வரிசைக்குப் பெண்களைத் தேர்ந்தெடுத்த மிசாவா, "உங்கப்பா பழைய சாமுராய்தானே? புது வழக்கப்படி குடுமிய வெட்டிட்டாரா? இல்ல, தெற்க கலகம் பண்றவங்க மாதிரி இன்னும் வச்சிருக்காரா?" என்று கேட்டார்.

பக்கத்திலிருந்த என் தோழி ஒகானே முந்திக்கொண்டாள். "சக்கரவர்த்தியே வெட்டிக்கிட்டாருங்க. இவ அப்பா என்ன, அவருக்கும் மேலயா?"

எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு முன்வரிசை கிடைத்தது. நிமிரக் கூடாது என்பதால் சக்கரவர்த்தியின் கறுப்புத் தோல் காலணிகளை மட்டும் பார்த்தேன். என் நூல் அறுந்ததுகூடத் தெரியவில்லை.

கொதிநீரில் விரல்கள் வெடிக்கின்றன. கொஞ்சம் களிம்பு அனுப்புங்கள். நம் வீட்டு மிசோ விழுதும் ஒரு கை, சோற்றுக்கு. அப்பா தூங்கும்போதாவது குடுமியை வெட்டிவிடுங்கள். நான்தான் சொன்னேன் என்று சொல்லுங்கள், கோபம் என்மேலேயே இருக்கட்டும்.

தபால்காரர் வாசலில் அவசரப்படுத்துகிறார். முன்வரிசைப் பெண்களின் தந்தையருக்கு அரண்மனை ஆளுக்கொரு சாக்கே மதுக் கிண்ணம் தந்திருக்கிறது. அதை அப்பாவின் கையில் கொடுக்க மிசாவா இன்று காலை நம் ஊருக்குப் புறப்பட்டுவிட்டார்.

நுயி