வெளியே உட்கார்ந்து நடத்திய விசாரணை

செவ்வாய்க்கிழமை, இரவு.

தங்கை மகன் செல்வத்தின் ஷேர் ஆட்டோ பெர்மிட்டை ஏன் ரத்து செய்யக்கூடாது என்று விளக்கம் கேட்டு இன்று ஆர்டிஓ ஆபீஸில் கூப்பிட்டிருந்தார்கள். பம்மல் ரூட்டில் அளவுக்கு மேல் ஆள் ஏற்றினான் என்று புகார். அந்த வண்டி போனால் வீட்டில் அடுப்பு எரியாது. அவனோ வாய் திறக்காதவன். சட்டம் தெரிந்தவன் நான்தானே, கூடப் போனேன்.

அதிகாரி கேட்டதும் நானே எழுந்தேன். ஹைகோர்ட்டே அசரும்படி பேசினேன். "சார், இவன் ஓட்டுனா பத்து பேரு ஏறினாலும் வண்டி குலுங்காது!"

செல்வம் என் சட்டையைப் பிடித்து இழுத்தான். "இன்னா மாமா நீ! அதான் கேஸே. சும்மா இரு."

அதிகாரி சிரிக்கவில்லை. "பெரியவரே, வண்டி அவரோடது. அவர் சொல்றத கேக்காம நான் முடிவு பண்ணக்கூடாது. நீங்க வெளிய உக்காருங்க."

உட்கார்ந்தேன். கதவுக்கு உள்ளே அவன் குரல் நிதானமாகக் கேட்டுக்கொண்டே இருந்தது. வார்த்தை பிடிபடவில்லை. அவ்வளவு நேரம் அவன் பேசி நான் பார்த்ததே இல்லை.

எச்சரித்து விட்டுவிட்டார்கள். வீட்டில் நான் வாதாடியதைத் தங்கைக்கு விவரித்தேன். அதிகாரி எழுந்து கைகொடுத்ததாகவும் சேர்த்துக்கொண்டேன்.

"அப்படியாடா?" என்று அவள் மகனைக் கேட்டாள்.

"ஆமாம்மா, எல்லாம் மாமா பேச்சுதான்," என்றான் செல்வம், சோற்றைப் பிசைந்தபடி.

உள்ளே என்ன சொன்னான் என்று அவள் எதிரில் கேட்க முடியவில்லை. நாளைக்குப் பல்லாவரம் வரை அவன் வண்டியிலேயே போய்க் கேட்க வேண்டும். நடுவில் நான் பேசக்கூடாது.