ஒன்பதாம் வகுப்பில் நான் தாண்டிப்போன பாடம்

ஜூலை 3, வியாழன்

கச்சான் காற்று. காயப்போட்ட துணியெல்லாம் மண். தொண்டை கரகரப்பு.

9B-க்குச் சுகாதாரம். மதுபானம் பற்றிய பாடம். “இது நமக்கு ஹராம். நம்மட ஊருக்குத் தேவையில்லாத பாடம். அடுத்ததை எடுங்க” என்றேன். ஐந்து நிமிடத்தில் முடிந்தது. மூன்றாவது வரிசை வாங்கில் என் மகன் அஃப்ஹமும் இருந்தான், கொட்டாவி விட்டுக்கொண்டு. மிச்ச நேரம் பல் சுத்தம்.

வாங்க: பால்மா, பச்சை மிளகாய், அஃப்ஹமுக்கு வெள்ளைச் சேர்ட் (கை கட்டையாகிவிட்டது, என்ன வளர்த்தி!).

ஜூலை 6, ஞாயிறு. ஆஸ்பத்திரி வார்டு

மார்க்ஸ் போடும் கொப்பியின் பின்பக்கம் எழுதுகிறேன். அஃப்ஹம் தூங்குகிறான். மூச்சை எண்ணிக்கொண்டிருக்கிறேன். அல்ஹம்துலில்லாஹ்.

நேற்றுப் பின்னேரம், அஸர் தொழுகை நேரம். ஒலுவிலுக்கு கிரிக்கெட் விளையாடப் போனவன். கேற்றடியில் இரண்டு கூட்டாளிமார் இறக்கிவிட்டு மோட்டார் சைக்கிளில் பறந்தார்கள். உள்ளே வந்தான், சத்தி எடுத்தான், விழுந்தான். கை குளிர். கூப்பிட்டால் கண் திறக்கவில்லை.

என் வீட்டுக்காரருடைய தங்கச்சி சுபைதா: “கண்ணூறுதான்கா! மேட்சில நல்லா அடிச்சிரிப்பான், ஆரோ பாத்திரிக்காங்க.” பள்ளிவாசல் லெப்பையைக் கூட்டிவந்தோம். தண்ணீர் ஓதித் தந்தார். நான் பிள்ளையின் தலையை நிமிர்த்தி, வாயைத் திறந்து ஊற்றப் பார்த்தேன். பதினாறு வருடமாகச் சுகாதாரம் படிப்பிக்கிற நான்! ஒரு புளிச்ச வாசம் வந்தது. பழுதாய்ப்போன ஜூஸ் ஏதும் குடித்திருப்பான் என்று நினைத்தேன். எங்கள் வீட்டில் யாருக்கு அந்த வாசம் தெரியும்?

அப்போதுதான் ரஜனி டீச்சர் வினாத்தாள் கட்டோடு வந்தா. எங்கள் பாடசாலையில் கணிதம் படிப்பிப்பவ. மெதடிஸ்ட் கிறிஸ்தவ ஆள், அடுத்த ரோட்டில் வீடு. வாசலிலேயே நின்று, “தண்ணி குடுக்காதீங்க! புள்ள குடிச்சிரிக்கான்” என்றா.

எனக்கு வந்ததே கோபம். “எங்கட வீட்டுப் புள்ளையப் பாத்தா இந்தக் கதை கதைக்கிறீங்க?”

அவ நேரே வந்து அவனை இடப்பக்கமாகச் சரித்தா. வாயில் இருந்த வாந்தியை விரலால் வழித்தா. ஓடிப்போய் ஆட்டோ மறித்தா. லெப்பைதான் முதலில் எழும்பி, “சுருக்காக் கொண்டு போங்க, நான் துஆ கேக்கிறன்” என்று பிள்ளையின் காலைத் தூக்கினார்.

ஆட்டோவில் ரஜனி டீச்சர் மெதுவாக: “என்ட அண்ணன்ட வாயில பத்து வருசம் மணந்த மணம் டீச்சர். எனக்குப் பிழைக்காது.”

டொக்டர்: “ரத்தத்தில சீனி நல்லா இறங்கிட்டு. இன்னும் கொஞ்சம் சுணங்கியிருந்தா...” அந்தத் தண்ணீரை ஊற்றியிருந்தால் மூச்சுக்குழலுக்குள் போயிருக்குமாம். நான் ஊற்றப் பார்த்த தண்ணீர்.

ஜூலை 7, திங்கள்

வீடு. சேலைன் ஏற்றிய கை நீலம். கஞ்சி குடித்தான். இரண்டாவது கோப்பையும் கேட்டான்! அழுகை வந்துவிட்டது, குசினிக்குள் போய்விட்டேன்.

இவர்: “ஊருக்குக் கண்ணூறு எண்டே இரிக்கட்டும். தெரிஞ்சா தலை காட்ட ஏலா.” சுபைதா அதற்குள் தெரு முழுக்கக் கண்ணூறு என்று சொல்லி முடித்தாயிற்று. ஆளுக்கொரு சோற்றுச் சட்டியோடு வருகிறார்கள். அவர்கள் அன்பு பெரிது. எனக்குத்தான் முகம் பார்க்க முடியவில்லை.

பின்னேரம் அவனிடம் கேட்டேன். ஏசவில்லை.

“ஹராம் எண்டு தெரியாதா மனே?”

“தெரியும் உம்மா. பாவம் எண்டும் தெரியும். தௌபா செஞ்சு மன்னிப்புக் கேட்டிரலாம் எண்டு நெனச்சன். உசிரு போய் மௌத்தாப் போவன் எண்டு தெரியா.”

“கூட வந்தவனுகள் ஏன் ஆசுபத்திரிக்குக் கொண்டு போகல்ல?”

“வாப்பாமாருக்குத் தெரிஞ்சா தோலை உரிப்பாங்க எண்டு பயந்திட்டானுகள்.”

அவர்களும் 9B. அவர்களுக்கும் அன்று பல் சுத்தம்தான் சொல்லிக்கொடுத்தேன்.

ஜூலை 8, செவ்வாய்

வெயில் பிளக்குது. இனிப்புக்கு வட்டிலப்பம் செய்து ரஜனி டீச்சர் வீட்டுக்குக் கொண்டுபோனேன். மன்னிப்புக் கேட்க வாயெடுத்தால் அழுகைதான் வருகிறது.

“ஏசினா என்ன, வட்டிலப்பம் வந்திட்டே. மாசம் ஒருக்கா ஏசுங்க டீச்சர்.”

சிரித்தோம். பிறகு அவவே சொன்னா: “நாங்களும் அண்ணனுக்கு ஈரலில வருத்தம் எண்டுதான் கோயில்ல சொன்னம். என்னத்தால எண்டு கடைசி வரைக்கும் சொல்லல்ல. அவர்ட புள்ளைகளுக்குக்கூட.”

அல்லாஹ் இந்த மனுசியை என் வாசலுக்கு அனுப்பினான். அவவுக்கும் அவ பிள்ளைகளுக்கும் நீண்ட ஆயுள் கொடு ரப்பே. லெப்பைக்கும். பேர் கேட்க மறந்த அந்த ஆட்டோக்காரருக்கும்.

ஜூலை 9, புதன்

காற்று கொஞ்சம் தணிவு.

சுபஹுத் தொழுகைக்குப் பிறகு அஃப்ஹமிடம் கேட்டேன், வகுப்பில் சொல்லவா என்று. “சொல்லுங்க. ஆனா நான் இண்டைக்கு வரல்ல.” இவர், “எனக்குத் தெரியா, நீதான் டீச்சர்” என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஆனால் பாடசாலை வாசல்வரை அவரே மோட்டார் சைக்கிளில் கொண்டுவந்து விட்டார். இறங்கும்போது, “பயப்படாதே” என்றார். இருபது வருட மாப்பிள்ளை, இன்றைக்குத்தான் வடிவாகத் தெரிந்தார்.

9B. “கண்ணூறு இல்ல. என்ட மகன் குடிச்சவன். ஆசுபத்திரிக்குக் கொண்டு போகாமச் சுணக்கினது நான்” என்று தொடங்கினேன். வளர்கிற உடம்பை அது என்ன செய்யும், எவ்வளவு சுருக்காக மூச்சை நிறுத்தும், எல்லாம் சொன்னேன். கரும்பலகையில் எழுதியது:

தனியே விடாதே.
இடப்பக்கமாகச் சரித்துப் படுக்க வை.
வாயில் ஒன்றும் ஊற்றாதே.
ஆஸ்பத்திரி. ஏச்சு பிறகு.

அந்த இரண்டு பேரும் குனிந்த தலை நிமிரவில்லை. ஆனால் கொப்பியில் எழுதினார்கள்.

மணி அடித்தது. எல்லோரும் போன பிறகு முன்வாங்கு ஹஸ்னா மட்டும் நின்றாள். வாய் திறக்காத பிள்ளை. பர்தா நுனியை முறுக்கிக்கொண்டு,

“டீச்சர், வளந்த ஆக்களையும் இடப்பக்கமாத்தானா படுக்க வைக்கிற?”

“ஓம் மகள்.”

“வாப்பா பாரம் டீச்சர். நானும் உம்மாவும் சேந்தும் திருப்ப ஏலா.”

நாளை பாடசாலை விட்டதும் அவர்கள் வீட்டுக்கு. ரஜனி டீச்சரும் வாறா.