அடுப்பு அணையாத வீடு

மார்ச் 9

கிணற்றில் இன்று வாளி தரையைத் தொட்டது. அந்தச் சத்தம் கேட்டதும் வரிசையில் நின்ற பெண்கள் எல்லோரும் பேச்சை நிறுத்திவிட்டோம். மேலே வந்தது பாதி சேறு. துணியில் வடிகட்டித்தான் சோளத்தை வேகவைத்தேன். நெய்தி ரொட்டியை முகர்ந்து பார்த்துவிட்டு, "மண்ணு வாசனை அடிக்குதும்மா" என்றாள். பேசாமல் தின்னு என்று அதட்டினேன். பத்து வயதுப் பிள்ளை. அவள் சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை.

மார்ச் 14

என் வீட்டுக்காரர் கசியானோ இன்று பேச்சை எடுத்தேவிட்டார். கடற்கரைப் பக்கம் ஓட்டல் தோட்டத்தில் வேலை இருக்கிறதாம். அவருடைய மாமன் மகன் சொல்லியனுப்பியிருக்கிறான்.

"இன்னும் எத்தனை வருஷம் வானத்தப் பார்த்துக்கிட்டு உக்காந்திருக்கிறது? கொல்லையில வெதைச்சதெல்லாம் எறும்புக்குத்தான் போச்சு. ஊரோட ஒத்துப் போ, பாஸ்தோரா. பாதி ஊரு கிளம்பியாச்சு."

"வில்பெர்?" என்றேன்.

அவர் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். பிள்ளையைப் புதைத்துவிட்டு வந்த நாளிலிருந்து அந்தப் பெயர் அவர் வாயில் வந்ததே இல்லை. நான் சொன்னால் எழுந்து போய்விடுவார். கல்நெஞ்சு. வேறென்ன சொல்வது?

வில்பெருக்கு மண்ணில் மூன்று வருஷம் நிறைய அக்டோபர் வரவேண்டும். எங்கள் ஊர் வழக்கப்படி அப்புறம்தான் எடுக்க முடியும். எலும்பை ஒவ்வொன்றாகத் துடைத்து, பெயர் தைத்த துணியை விரித்துப் பெட்டியில் வைத்து, அவன் வெளியே பார்க்கட்டும் என்று மூடியைக் கொஞ்சம் திறந்து வைக்க முடியும். அதுவரை எங்கள் வீட்டு அடுப்பு அணையக் கூடாது. அணைந்தால் பிள்ளைக்கு வீடு எது என்று தெரியாமல் போய்விடும். இதெல்லாம் அவருக்குத் தெரியாதா? அவருடைய அப்பாவின் எலும்பைத் துடைத்தது அவர் கைதானே?

மார்ச் 30

மேட்டில் பழைய வீடுகளைத் தோண்டுகிறார்கள். தோண்டி ஆராய வந்திருக்கிற டாக்டர் இர்மாவின் ஆட்களுக்கு நான்தான் சமையல். இன்று வெளியூரிலிருந்து கொஞ்சம் பேர் பார்க்க வந்தார்கள். தொப்பி போட்ட ஒருவர், "இவ்வளவு பெரிய ஊரக் கட்டின மாயா ஜனங்க திடீர்னு எங்கதான் போயிட்டாங்க?" என்று உருக்கமாகக் கேட்டார். குழிக்குள் நின்ற எங்கள் ஊர்ப் பையன் துஸ் நிமிர்ந்து பார்த்து, "எங்கயும் போகலைங்க. ஒருத்தன் இங்க மண்வெட்டியோட நிக்கிறேன், ஒருத்தி அங்க உங்களுக்கு பீன்ஸ் வேகவைக்கிறா" என்றான்.

எல்லோரும் சிரித்தோம். சிரித்து எவ்வளவு நாளாயிற்று.

ஏப்ரல் 6

தண்ணீர் லாரி வரவில்லை.

ஏப்ரல் 19

கல்லறையில் குழி தோண்டும் பெரியவர் தோன் வெனான்சியோவிடம் போனேன். ஊரில் எல்லோருடைய எலும்பையும் எடுத்துக் கொடுப்பவர் அவர்தான். காலில் விழாத குறையாகக் கெஞ்சினேன்.

"கொஞ்சம் முன்னாடியே எடுத்துக் குடுங்க, தோன் வெனான். சின்னப் பிள்ளதானே அவன். சீக்கிரம் ஆயிருக்கும்."

"வேகாத சோளத்த அடுப்புலேருந்து எறக்குவியா நீ?"

"நாங்க ஊர விட்டே போகப் போறோம்."

"பெத்த மனசு பித்துதான், தாயி. அதுக்காக நானும் பித்தா ஆக முடியாது. நேரத்துக்கு முன்னாடி தெறந்து பார்த்தவங்கள எனக்குத் தெரியும். பார்த்தத அவங்க மறக்கவே இல்ல."

திரும்பி வரும் வழியெல்லாம் அவரைத் திட்டிக்கொண்டே வந்தேன். நல்ல மனுஷர். ஆனாலும் திட்டினேன்.

மே 2

நானே கல்லறைக்குப் போனேன். காலையில், எல்லோரும் பூசைக்குப் போயிருந்த நேரம். சோளம் விதைக்கிற குத்துக்கோலை எடுத்துப்போய்த் தோண்டினேன். முழங்கை ஆழம் போயிருப்பேன். மண் கீழே போகப் போக ஈரமாக இருந்தது. ஊரில் எங்கேயும் இல்லாத ஈரம் அங்கே மட்டும் — அய்யோ, நான் என்ன செய்யப் போனேன்? என் பிள்ளைய நானே பாதித் தூக்கத்துல எழுப்பப் போனேனே. பைத்தியக்காரி. கையாலேயே மண்ணைத் தள்ளி மூடினேன். நகத்துக்குள் இன்னும் இருக்கிறது. கழுவத் தண்ணீரும் இல்லை, கழுவ மனசும் இல்லை.

மே 11

மேட்டில் கடைசி வீட்டின் தரைக்கு அடியில் ஒரு குழி. அந்தக் காலத்து ஆட்கள் செத்தவர்களை வீட்டுக்குள்ளேயே புதைத்தார்கள். இது குட்டிக் குழி, என் கை நீளம்தான் இருக்கும். உள்ளே ஒரு கிண்ணம். எலும்பு இல்லை.

சாப்பாடு கொண்டுபோனபோது டாக்டர் இர்மா அந்தக் குழி ஓரத்திலேயே உட்கார்ந்திருந்தார். "திருட்டா டாக்டர்?" என்று கேட்டேன்.

"திருடன் கிண்ணத்த விட்டுட்டு எலும்பையா எடுப்பான்? இதுகூடப் பரவாயில்ல. இங்க வா, இந்த அடுப்பப் பாரு. மத்த வீட்டுல எல்லாம் கூரை விழுந்து மண்ணு மூடிடுச்சு. இந்த ஒரு வீட்டுல மட்டும் அதுக்கப்புறமும் அடுப்பு எரிஞ்சிருக்கு. ஊரே காலி, தண்ணியும் இல்ல. யாரோ ஒருத்தர் மட்டும் இருந்திருக்காங்க. ஏன் இருந்தாங்கன்னுதான் புரியல."

"பிள்ளைய எடுக்கிற நேரம் வர்ற வரைக்கும் இருந்திருப்பாங்க" என்றேன்.

அவர் தலையாட்டினார். "நானும் அப்படித்தான் நினைச்சேன். நிரூபிக்க வழியில்ல."

யார் நீ? தாயா? எப்படித்தான் இருந்தாயோ? எதைக் குடித்தாய்?

மே 21

நெய்திக்கு வயிற்றுப்போக்கு நிற்கவில்லை. சுகாதார நிலையத்தில் கையில் ஊசி குத்தி சொட்டுச் சொட்டாக ஏற்றுகிறார்கள். கண் உள்ளே போய்விட்டது. அங்கிருந்த நர்ஸ், "இந்தத் தண்ணியவே இன்னும் குடுத்தீங்கன்னா அடுத்த தடவ என்கிட்ட தூக்கிட்டு வராதீங்க" என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டாள்.

கசியானோ சுவரில் சாய்ந்து நின்றார். "கேட்டியா? மண்ணுக்குள்ள இருக்கிறதுக்காக உசுரோட இருக்கிறதையும் குடுக்கப் போறியா?"

இருதலைக்கொள்ளி எறும்பு என்பார்கள். எறும்புக்காவது ஒரே ஒரு உயிர். எனக்கு இந்தப் பக்கம் ஒரு பிள்ளை, அந்தப் பக்கம் ஒரு பிள்ளை. யாரை விட? சாமி, யாரை விடச் சொல்கிறாய்?

மே 24

நெய்தி வீட்டுக்கு வந்துவிட்டாள். மூட்டை கட்டினேன். இவளைத்தான் எடுத்துக்கொண்டேன் — அதை எழுதிவிடுவோம். வில்பெரை விட்டுவிட்டேன்.

கட்டிக்கொண்டே, மேட்டு வீட்டைப் பற்றி அவரிடம் சொன்னேன். சண்டைக்காக இல்லை, யாரிடமாவது சொல்ல வேண்டியிருந்தது. எல்லோரும் போன பிறகும் எரிந்த அடுப்பு, காலிக் குழி, விட்டுப்போன கிண்ணம். அவர் கயிறு திரித்துக்கொண்டே இருந்தார். வழக்கம்போல எழுந்து போவார் என்று நினைத்தேன், போகவில்லை.

மே 25

விடிந்து பார்த்தால் மனுஷர் அடுப்பு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கிறார். எங்கள் ஊரில் ஆண்கள் அந்த மூன்று கல் அடுப்புப் பக்கமே வரமாட்டார்கள். கண்ணெல்லாம் புகை.

"இந்த விறகு எவ்வளவு நேரம் நிக்கும்?"

"எதுக்குக் கேக்குறீங்க?"

"சாம்பல் போட்டு மூடி வச்சா காலையில நெருப்பு இருக்குமா?"

"இருக்கும்."

"அப்ப நீங்க ரெண்டு பேரும் கிளம்புங்க. ஓட்டல்ல சலவைக்குப் பொம்பளைங்களையும் எடுக்கிறாங்களாம். நான் இருக்கேன்."

ஊதுகுழலை எடுத்து, தப்பான பக்கமாக ஊதினார்.

மே 28

துணியில் அவன் பெயரைத் தைத்து முடித்துவிட்டேன். கடைசி எழுத்து கோணல். அவரிடம் கொடுத்தேன். மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டார்.

ஜூலை 13

நாள் முழுக்க ஓட்டல் விரிப்புகளைத் துவைக்கும் இயந்திரத்தின் முன்னால். இங்கே தண்ணீரைப் பார்த்தால் கோபம் கோபமாக வருகிறது. வெள்ளைக்காரர்கள் காலில் ஒட்டின மணலைக் கழுவ ஊற்றுகிறார்கள். நெய்தி தேறிவிட்டாள், கன்னம் வந்துவிட்டது.

பக்கத்து வீட்டு சொக்கோரோ அக்கா போன் செய்தாள், ஊரை விட்டுக் கிளம்புமுன். "உன் புருஷன் ரொட்டி சுடுறான்டி. ஒவ்வொண்ணும் ஒரு நாட்டு வரைபடம் மாதிரி இருக்கு. ஊரே சிரிக்குது." ஊர் என்றால் மிச்சமிருந்த நாலைந்து பேர். அவளும் போனால் யார் சிரிப்பார்கள்?

செப்டம்பர் 8

ஊருக்குப் போன் போகவில்லை. தோன் வெனான்சியோவையும் அவர் மகன் வந்து அழைத்துப் போய்விட்டானாம். அப்படியானால் குழியை யார் திறப்பார்கள்? மின்சாரத்தை வெட்டிவிட்டார்கள் என்று ஒருவன் சொல்கிறான். லாரி நின்று மாதமாகிறது என்று இன்னொருவன்.

அக்டோபர் 3

இல்லை. இன்றும் சேதி இல்லை.

அக்டோபர் 21

நெய்தி கேட்கிறாள், அப்பா எப்ப வருவார் என்று. வருவார் என்கிறேன். எனக்கு அந்த மேட்டு வீடே ஞாபகத்தில் நிற்கிறது. பிள்ளையை எடுத்தார்கள், சரி. எடுத்துக்கொண்டு எங்கேயாவது போய்ச் சேர்ந்தார்களா? அதை டாக்டர் இர்மா சொல்லவில்லை. அதை மண் சொல்லாது. நான்தானே அந்தக் கதையை அவருக்குச் சொன்னேன். வாய மூடிக்கிட்டு மூட்டையக் கட்டியிருக்கக் கூடாதா பாஸ்தோரா? செத்த பிள்ளைக்காக உசுரோட இருக்கிற மனுஷனையும் குடுத்துட்டியா? அவரக் கல்லுன்னு சொன்னியே, உனக்கு இப்ப திருப்தியா?

சலவை மேற்பார்வைக்காரியிடம் லீவு கேட்டேன். இரண்டாம் தேதிக்கு முன்னால் முடியாது என்றாள்.

நவம்பர் 2

ஊருக்குப் போகத்தான் பேருந்து நிலையத்துக்குப் போனேன், நெய்தியையும் கூட்டிக்கொண்டு. எங்கள் பக்கத்துப் பேருந்து அப்போதுதான் வந்து நின்றது. கடைசியாக இறங்கினார். பாதி ஆளாகிவிட்டார். தாடி. பக்கத்தில் போனால் ஒரே புகை வாசனை. மார்போடு சேர்த்து ஒரு மரப்பெட்டி, மூடி கொஞ்சம் திறந்து, என் கோணல் எழுத்து தெரிய.

என்னைப் பார்த்து ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். காற்றுதான் வந்தது. குரலே இல்லை. நெய்தி பயந்து என் கையைப் பிடித்தாள்.

அவருக்கு அடுத்த இருக்கையில் வந்த ஒரு பெரிய அம்மா தன் பைகளைக் கீழே வைத்துவிட்டு என்னிடம் வந்தாள். "உன் வீட்டுக்காரனா? பொட்டிய சாமான் கூண்டுல போடச் சொன்னாங்க. புள்ளைய எவனாவது அங்க போடுவானான்னு கேட்டுட்டு, ஜன்னலோரமா வச்சுக்கிட்டான். ஏறினதுலேருந்து பேச்சு, பேச்சு. அங்க பாரு வில்பெர், மாடு. இங்க பாரு வில்பெர், பாலம். வழி பூரா. நான் கண்ண மூடல."

தூங்க விடாததற்காக அந்த அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன்.