இடது கன்னத்து மச்சம்

1997 ஐப்பசி 27, திங்கள்
சுவிசில் எங்கள் டீட்டிகோன் ஊர் முழுக்கப் பனிப்புகார். எதிர்வீடு தெரியவில்லை. இன்று எங்கள் உடுப்புக் கழுவும் நாள். கீழ்வீட்டு மனிசி பொதுக் கழுவுமறைத் திறப்பைப் பதினொரு மணிக்குத்தான் தந்தாள். மூன்றாம் முறை. மறக்கமாட்டேன்.

ஞாயிறு ஆத்துமாக்கள் திருநாள். தமிழ்ப் பூசையில் எல்லாரும் தங்கள் செத்தவர்களின் படத்தைப் பீடத்துக்கு முன்னால் வைப்பார்கள். என் சின்னவன் அன்ரனுக்குப் படம் இல்லை. ஊரில் செல் குண்டு விழுந்து போனான், பத்தொன்பது வயது. பிறகு இடம்பெயர்ந்தபோது மச்சாள் தையல் மெசினைத் தூக்கினாள், படப்பெட்டியை விட்டுவிட்டாள். மெசின் இன்றும் ஓடுகிறதாம். ஓடட்டும்.

28, செவ்வாய்
மூத்தவன் சேவியரின் மகள் ஜெனி பள்ளிக்கூடத்தால் வந்து சாப்பிடாமல் படக்கதை. யப்பான் புத்தகம்.
"என்னடி அதில?" சொன்னாள்.

படம் கீறியவர் பெரிய ஆளாம். தகப்பனுக்கு மீன்கடை. பதினாறு வயதில் வாடகைப் புத்தகக் கடைகளுக்குக் கீறத் தொடங்கியவர், சோத்துக்குக் காணாத கூலி. பிறகு தலைநகரம். மேசைக்குக் கீழே படுக்கை. கிழமைக்குக் கிழமை ஒரு கதை, முப்பது வருசம், தவறவில்லை. இப்போது அங்கே அவரைத் தெரியாத பிள்ளை இல்லையாம்.

அவருடைய தம்பி குண்டுவீச்சில் செத்தவன். படம் மிஞ்சவில்லை. அதனால் ஒவ்வொரு கதையிலும் சனத்துக்குள் எங்காவது தம்பியை நிறுத்திவிடுவாராம். ரயிலில், கடையில், மழையில். வலது புருவத்தில் வெட்டுக்காயம், அதுதான் அடையாளம்.

பருப்பு அடிப்பிடித்துவிட்டது.

30, வியாழன்
"ஜெனி, உன்ர சித்தப்பாவைக் கீறித் தருவியோ?"
"நான் காணேல்லையே அப்பம்மா."
"நான் கண்டனான். சொல்லுறன், கீறு."
சின்ன நெற்றி. விரிந்த காது. வலது பக்கம் வகிடு. இடது கன்னத்தில் மச்சம்.
"கண்ணைப் பெரிசாக் கீறாத, அவன் யப்பான்காரன் இல்லை." சிரித்தாள். நாலு தாள் வீண்.

கார்த்திகை 1, சனி
மையால் கீறி, பென்சில் கோடெல்லாம் அழித்துக் கொண்டுவந்தாள். அன்ரன்தான். ஆனால் அன்ரன் இல்லை.
சேவியர்: "நல்லாத்தானே இருக்கு. ஏழு வருசம், உங்களுக்கு மறந்துபோச்சு அம்மா."
"எனக்கோ? நீ பிறந்த அண்டு மழை எத்தினை மணிக்கு விட்டதெண்டு சொல்லட்டோ?"
சொல்லிவிட்டேன். உள்ளே பயம். மறந்திருந்தால்?

மத்தியானம் சோறு பிசையும்போது கைக்கு ஞாபகம் வந்தது. சின்னனில் அவனை எதிரே இருத்தித்தான் சோறு தீத்துவேன். கன்னத்துப் பருக்கையைத் துடைத்தால் என் வலது பெருவிரலில் மச்சம் படும். படத்துக்கு முன்னால் கையை நீட்டினேன். மச்சம் மற்றப் பக்கம்.

"நீங்கதானே இடது எண்டீங்கள்?" ஜெனி தாளின் இடது பக்கத்தில் வைத்திருக்கிறாள். வகிடும் மாறித்தான் கிடந்தது. எதிரே இருப்பவனுக்கு இடது என் வலது பக்கம் அல்லவோ.

அந்த யப்பான் மனிசனுக்கும் இதுவேதான் நடந்ததாம். அவர்கள் புத்தகம் வலமிருந்து வாசிப்பது. இந்தப் பக்கத்துக்காரர் தங்கள் வசதிக்குப் படங்களைக் கண்ணாடியில் தெரிவதுபோல் திருப்பி அச்சடித்தார்கள். தம்பியின் காயம் இடது புருவத்துக்குப் போய்விட்டது. "இது என்ர தம்பி இல்லை" என்றாராம். அதோடு இங்கே புத்தகம் கொடுக்கவில்லை, வருசக் கணக்காக. இப்போதுதான் திருப்பாமல் வருகிறதாம்.

நல்ல மனிசன். கோபத்தை வைத்திருக்கத் தெரிந்தவர்.

2, ஞாயிறு
புகார் விலகி வெயில். புதிதாகக் கீற நேரமில்லை. சேவியர் காரில் ஹோர்ன் அடிக்கிறான். ஜெனி தாளைப் பின்பக்கம் திருப்பிக் குசினி யன்னல் கண்ணாடியில் பிடித்தாள்.
"அப்பம்மா, ஓடி வாங்கோ."
வெளிச்சம் ஊடே வந்தது. பெருவிரலை நீட்டினேன். பட்டது.

அழவில்லை. கோயிலுக்குப் பிந்தும். இரண்டு கண்ணாடித் துண்டுக்கு நடுவில் வைத்து ஒட்டினாள்.

பீடத்தடியில் முதுகுப்பக்கம் முன்னால் தெரிய வைத்தேன். வெறும் தாள்போல் இருந்தது. பின்னால் என் மெழுகுதிரி.
"ஆச்சி, படத்தை மாறி வைச்சிட்டியள்," என்றார் பூசைக்கு உதவுகிறவர்.
"இல்லைத் தம்பி, சரியாத்தான் வைச்சனான். கொளுத்துங்கோ."

திரி முடியும்வரை அன்ரன் இருந்தான்.