கதவாண்ட நில்லு

ராயபுரம்,
செவ்வாய்க்கிழமை.

அன்புள்ள என் கணவர் லியோனார்ட் அவர்களுக்கு,

இயேசுவுக்கே புகழ். நானும் நம் மகள் ஜூடியும் மாதா தயவில் நலம். ஒரிசாவில், பாராதீப் துறைமுகத்தில் நீங்களும் நலமாகத்தான் இருப்பீர்கள். உங்களைப் பார்த்துக்கொள்ள உங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. போன் செய்தால் பிரசங்கம் வைக்கிறீர்கள், அதனால் எழுதுகிறேன். காகிதத்தை நடுவில் மறித்துப் பேச உங்களால்கூட முடியாது.

முதலில் ஊர்ச் செய்தி. நீங்கள் போன பிறகு தொடங்கிய அந்தச் சுத்து இன்னும் நிற்கவில்லை. டிவியில் அதற்கு அண்டவெளி அதிர்வுச் சுழற்சி என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வானத்துக்கு அப்பாலிருந்து ஏதோ ஒரு சக்தி வந்து, ஒவ்வோர் இடத்திலும் ஏற்கெனவே நடந்து முடிந்த ஒரு கால்மணி நேரத்தைப் பிடித்துக்கொண்டு, தினமும் அதையே மறுபடி ஓட்டுகிறதாம். அன்று எழுந்த சத்தமெல்லாம் திரும்ப எழும். அங்கே இருப்பவர்கள் அன்று செய்ததையே செய்வார்கள், சொன்னதையே சொல்வார்கள். அங்கே இல்லாதவர்களுக்குக் குரல் மட்டும் வரும்.

இவ்வளவு பெரிய சக்தி, அதன் புத்தி எங்கே போயிருக்கிறது பாருங்கள். ஒரு கல்யாணம், ஒரு குழந்தை பிறந்த நேரம், இப்படி எதையாவது எடுத்திருக்கலாம். எதிர்வீட்டு நவ்ரீனுக்கு அது பொறுக்கிக் கொடுத்தது அவள் மாமனார் பல் துலக்கித் தொண்டையைக் காறும் கால்மணி நேரம். சாத்தாங்காட்டில் நான் வேலை பார்க்கும் இரும்புக் கடையில், லாரியிலிருந்து கம்பிக் கட்டுகளைத் தள்ளும் நேரம். எண்ணூர் ரோட்டில் கண்டெய்னர் லாரிகள் நகராமல் ஹாரன் அடிக்கும் நேரம். அது திரும்ப வருகிறது என்று கண்டுபிடிக்கவே ஊருக்கு ஒரு மாதம் ஆனது. கோயிலில் ஃபாதரின் பிரசங்கம் மாட்டிக்கொண்டது. யாரும் புகார் சொல்லவில்லை, யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. போன வாரம் பெட்டி பெட்டியாகக் கருவிகளோடு ஒரு நிபுணர் நம் வீட்டுக்கு வந்து, இந்தச் சக்தி அருகில் இருக்கும்போது என்ன உணர்கிறீர்கள் என்று கேட்டார். குக்கர் விசில் வரப்போகிறது, தள்ளி நில்லுங்கள் என்றேன்.

நம் வீட்டில் மாட்டியது எது என்று உங்களுக்குத் தெரியும். இங்கே துறைமுகத்தில் உங்களுக்குப் பின்னால் கிரேன் வேலைக்குச் சேர்ந்த நோயலை ஃபோர்மேன் ஆக்கிவிட்டார்கள், ஊரே சிரிக்கிறது என்று நீங்கள் பெட்டியைத் தூக்கிய அந்தக் காலை. ஊர் சிரிக்கவில்லை. ஊருக்கு வேறு வேலை இருக்கிறது. நோயல் இன்றும் மாதா கோயில் வாசலில் பார்த்தால் உங்களை விசாரிக்கிறான்.

தினமும் ஜூடிக்கு இட்லி ஊட்டும்போது சுத்து வந்துவிடும். என் கை தானாக இடுப்புக்குப் போகும். "போய்த் தொலைங்க, நோயலு கீய வேல செய்றதுல இன்னா கௌரவக் கொறச்சலு" என்று என் வாய் கத்தும். முதல் தடவை கோபத்தில் வந்தது. இப்போது தினமும் சொல்லிச் சொல்லி நன்றாகவே படிந்துவிட்டது.

அடுத்தது உங்கள் குரல். ஆளில்லாத வாசலிலிருந்து "தோ வந்துட்றேன் பாப்பா, கதவாண்ட நில்லு" என்று சொல்லும். செருப்புச் சத்தம் படியில் இறங்கும். ஜூடி ஓடிப்போய்க் கதவருகில் நிற்பாள். அதுவரைக்கும் சுத்தின் வேலை. ஆனால் சுத்து முடிந்த பிறகும் அவள் அங்கேயே நிற்பாள், அது எந்தச் சக்தியின் வேலையும் இல்லை. உள்ளே கூப்பிட்டால், "அப்பா நிக்கச் சொல்ச்சு" என்பாள்.

நவ்ரீன் எனக்கு ஆறுதல் சொல்கிறாள். "இன்னாத்துக்குப் பேஜாராவுற, அவரு கொரலாவது வூட்ல கீதுல்ல" என்கிறாள். குரல் வந்து காஸ் சிலிண்டரைத் தூக்கி வைக்குமா?

இதையெல்லாம் சொல்லி உங்களை வரச் சொன்னபோது போனில் என்ன சொன்னீர்கள்? பிரபஞ்சமே வட்டமாகத்தான் சுழல்கிறது, போனதெல்லாம் தானாகத் திரும்பி வரும், அவசரப்படாதே என்றீர்கள். கேட்ட எனக்கு வெட்கமாக இருந்தது. கிரேன் ஓட்டுகிறவர் பேசுகிற பேச்சா அது? ஆள் ஏறி உட்கார்ந்து லீவரைத் தள்ளாமல் உங்கள் கிரேன் என்றைக்காவது தானாகத் திரும்பியிருக்கிறதா?

இன்று காலை நடந்ததைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். சுத்து வந்தது. நான் கத்தினேன். உங்கள் குரல் கூப்பிட்டது. ஜூடி எழுந்திருக்கவில்லை. அவள் தோள் ஒருமுறை முன்னால் போனது, கால் தரையில் இழுபட்டது. ஏதோ அவளைப் பிடித்து இழுக்கிறது என்று பார்த்தாலே தெரிந்தது. அவள் நாற்காலியை இரண்டு கையாலும் பற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். செருப்புச் சத்தம் இறங்கி முடிந்ததும் இட்லிக்கு வாயைத் திறந்தாள். ஏன் பாப்பா போகவில்லை என்று கேட்டேன். "அது சத்தந்தாம்மா, அப்பா இல்ல" என்றாள்.

ராயபுரத்திலிருந்து மீஞ்சூர் வரை ஒருத்தராலும் எதிர்க்க முடியாத சக்தியை நாலு வயதுப் பிள்ளை எதிர்த்துவிட்டது. பெருமைப்பட வேண்டிய விஷயம்தான். நான் சமையற்கட்டுக்குப் போய் அழுதேன். அவள் கதவருகில் நின்ற நாளெல்லாம் எனக்கு உங்கள் மேல் ஆத்திரம் மட்டும்தான் இருந்தது. இன்றைக்குப் பயம் வந்துவிட்டது. போனதெல்லாம் திரும்பி வரும் என்றீர்களே, உங்கள் குரல் நாளைக்கும் தவறாமல் வரும். அவள் ஓடி வரமாட்டாள்.

ஆகையால் புறப்பட்டு வாருங்கள். நோயலுக்குக் கீழே வேலை செய்ய வேண்டாம், எனக்குச் சமாதானமும் சொல்ல வேண்டாம். காலையில் உங்கள் குரலுக்கு முன்னால் வந்து சேருங்கள். சுத்து உங்களையும் பிடித்துப் படியிறங்க இழுக்கும், ஜூடி நாற்காலியைப் பற்றியதுபோல் நீங்கள் கதவு நிலையைப் பற்றிக்கொள்ளுங்கள். மாதா உங்களை வழியில் காத்துக் கொண்டுவரட்டும். வந்ததும் உள்ளே நுழைந்து யாரையும் கூப்பிட்டுவிடாதீர்கள், கூப்பிட்டால் சத்தம் என்று நினைத்துக்கொள்வாள். அவளாகத் திரும்பிப் பார்க்கும்வரை, எவ்வளவு நேரமானாலும், கதவருகில் நில்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் குரலோடு குடித்தனம் நடத்தும்
ஐரீன்