மானேஜருக்கு மூச்சு முட்டிய ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள அண்ணனுக்கு,

அம்மா சொல்லச் சொல்ல உன் தங்கை எழுதுவது. இங்கே அம்மா, நான், மானேஜர் என்கிற உன் மீன் மூவரும் மூச்சோடு இருக்கிறோம். அங்கே நீ நலம் என்று நீயே எழுதியிருப்பதால் அம்மா அதை முழுதாக நம்பவில்லை. அம்மாவின் வலது உள்ளங்கையில் கட்டுப் போட்டிருக்கிறது, சின்ன வெட்டுதான், பதறாதே, எப்படி என்று கீழே வரும். அதனால்தான் பேனா என் கையில். நடுவே என் சரக்கும் கலந்திருக்கும், எது யாருடையது என்று உனக்கா தெரியாது.

உன் கடிதம் போன வாரம் வந்தது. கடல் கடந்து நீங்கள் பாலம் கட்டுகிற இடத்தில் ஆறு கரை தாண்டிப் புல்லுக்குள் நிற்கிறது, அந்தக் கலங்கலில் நம் வீட்டுப் பிச்சிர் மீனின் சொந்தபந்தங்களை நேரில் பார்த்தாய், முதுகில் வரிசையாகக் குட்டிக் கொடி போன்ற துடுப்புகளைத் தூக்கிக்கொண்டு பாம்பு மாதிரி நெளிந்து மேலே வந்து ஒரு வாய் காற்றை விழுங்கிவிட்டு உள்ளே போகின்றன என்று இரண்டு பக்கம் எழுதியிருந்தாய். எல்லாம் சரி. கடைசியில் ஒரே ஒரு வரி, வீட்டு மீனைத் தொட்டியோடு வண்ணமீன் கடைக்காரரிடம் கொடுத்துவிடுங்கள் என்று. அங்கேதான் அம்மாவுக்கு மூக்கில் வியர்த்தது. எட்டு வருஷமா என்னைக்கூடத் தொட விடாதவன் இப்ப எதுக்குத் தாரை வார்க்குறான், அங்கேயே தங்கிடப் போறானாடி என்று என்னைக் கேட்டாள், நான்தான் உன் வக்கீல் மாதிரி. மீனவர் சங்க அலுவலகத்தில் வேலை பார்க்கும் ஒரு பெண் அந்தக் கடிதத்தில் நாலு இடத்தில் வருகிறாள் என்று எண்ணிச் சொன்னதும் நான்தான், மன்னித்துவிடு, நாக்கு நிற்கவில்லை. இவன் மீனைப் பார்க்கப் போனானா மீன்விழியைப் பார்க்கப் போனானா என்று அம்மா அன்று முழுக்கப் பாத்திரத்தோடு பேசிக்கொண்டிருந்தாள்.

சனிக்கிழமை சாயங்காலம் கடைக்காரர் அளவு நாடாவோடு வந்து நின்றார். நாங்கள் யாரும் கூப்பிடவில்லையே என்றதற்கு, பையன் போன மாசமே போன்ல பேசிட்டாரேம்மா, திங்கக்கிழமை வண்டியோட வரேன் என்றார். அண்ணா, பெற்றவளுக்கு முன்னால் கடைக்காரருக்குச் சொல்லியிருக்கிறாய். அம்மா அவருக்குத் தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை. நான் வேலைக்குப் போற நேரம் பார்த்துத் தூக்கிட்டுப் போயிடுவான், நீயும் கூட்டா என்று என்னைப் பார்த்தாள். மறுநாள் காலை நான் தோழி வீட்டுக்குப் போன சமயம், மருந்து கம்பெனியில் இருபது வருடமாகப் பாட்டில் மூடுகிறவள் அல்லவா, மீனை யாரும் எடுக்க முடியாதபடி அம்மா தன் தொழிலைக் காட்டிவிட்டாள். பாட்டிலில் காற்று நின்றால் சரக்கு கெட்டுவிடும், அதுதான் அவள் அறிந்த வேதம். தொட்டியில் விளிம்பு வரைக்கும் தண்ணீர் ஊற்றி, காற்றுக் குழாயைப் பிடுங்கி, கண்ணாடி மூடியைக் குமிழி இல்லாமல் அழுத்தி, கம்பெனி டேப்பால் மூன்று சுற்றுச் சுற்றிவிட்டாள்.

நான் திரும்பியபோது மதியம். நாளெல்லாம் அசையாமல் கிடந்து சாப்பாட்டு நேரத்துக்கு மட்டும் எழுந்து வருகிற நம் மானேஜர், மூக்கால் மூடியை இடித்துக்கொண்டிருந்தார். டக், டக். அம்மா, அது சாகுது என்று கத்தினேன். போடி, போன மாசம் அது என்கிட்ட காப்பி கேட்டுச்சே என்று வெங்காயத்தை விட்டு எழவே இல்லை. தொட்டிக்குப் பின்னால் போனை ஒளித்துவைத்து மீனைப் பேச வைத்தது நான்தான், யாரை நோவது. அதுக்கு நுரையீரல் இருக்கும்மா என்றால், நாளைக்கு மூக்குக்கண்ணாடியும் கேட்கும் என்கிறாள். கடைசியில் உன் கடிதத்தை எடுத்து அந்த ஒரு வாய் காற்று வரியைப் படித்துக் காட்டினேன். நான் சொன்னால் பொய், நீ எழுதினால் மெய். ஓடி வந்தாள். அவள் ஒட்டிய டேப் அவளுக்கே பிரியவில்லை, மூடியை வெறும் கையால் நெம்பியதில்தான் வெட்டு. நான் குவளையால் தண்ணீரை மொண்டு கொட்டினேன். மானேஜர் ஒரு பக்கமாகச் சாய்ந்து வயிறு தெரியக் கிடந்தார். அம்மா ரத்தக் கையை உள்ளே விட்டு வயிற்றுக்கடியில் தாங்கி மேலே தூக்கினாள். கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. அப்புறம் களுக் என்று ஒரு சத்தம். இன்னொரு களுக். அம்மா தரையில் உட்கார்ந்துவிட்டாள். இவ்வளவு நேரம் கூப்பிட்டுக்கிட்டே இருந்திருக்கு, நான் திருடன் வருவானான்னு வாசலைப் பார்த்துக்கிட்டு இருந்தேன் என்றாள். அதற்கு மேல் அழுததை எழுதக் கூடாதாம்.

இனி அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். கடைக்காரரைத் திங்கட்கிழமை வாசலிலேயே திருப்பி அனுப்பியாகிவிட்டது. மூடியில் நாலு விரல் இடம் விட்டிருக்கிறோம், குதித்து வெளியே வராமல் மேலே வலை கட்டியிருக்கிறோம். உனக்கு அங்கே இருக்கத்தான் பிடித்திருக்கிறது என்றால் இரு, அந்தப் பெண் நல்லவளென்றால் அதையும் சொல், நான் மறிக்கமாட்டேன். ஆனால் மீனைத் தூதுவிட்டுச் சொல்லாதே. என் எதிரில் உட்கார்ந்து சொல். வரமாட்டேன் என்று சொல்வதற்காகவாவது ஒரு தடவை வா.

வெயிலில் தொப்பி போடு, ஆற்றுத் தண்ணீரைக் காய்ச்சிக் குடி. நோய்நொடி இல்லாமல், நினைத்தது கைகூடி, தீர்க்காயுசாக இரு. எந்தத் தேதி என்று மறக்காமல் எழுது.

இப்படிக்கு,
இடது கையால் கையெழுத்துப் போடும் உன் அம்மா